454 கோடி ஆண்டு, 90 நிமிடம்: உயிரின் கதையை வசனமின்றிப் படமாக்குவது

விளக்கக் குரல் இல்லை, பேட்டி இல்லை, எழுத்துப் பலகைகூட இல்லை. காட்சியும் ஒலியும் மட்டுமே கொண்டு உயிரின் தோற்றத்தையும் பரிணாமத்தையும் சொல்லும் பரிசோதனை ஆவணப்படம் ஒன்றை எடுக்க நினைக்கிறவர், கேமராவைத் தொடுவதற்கு முன் ஒரு வகுத்தல் கணக்குப் போட வேண்டும். பூமியின் வயது சுமார் 454 கோடி ஆண்டு. படம் 90 நிமிடம், அதாவது 5,400 நொடி. வகுத்தால் ஒரு நொடிக்கு ஏறத்தாழ 8 லட்சத்து 40 ஆயிரம் ஆண்டு. நொடிக்கு 24 பிரேம் ஓடுகிறது என்றால் ஒரு பிரேமுக்கு 35,000 ஆண்டு.

இந்த அளவுகோலோடு படத்தை மனத்தில் ஓட்டிப் பார்க்கலாம். 3ஆவது நிமிடம் முடிவதற்குள் பூமியில் தண்ணீர் இருக்கிறது. மேற்கு ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸில் கிடைத்த 440 கோடி ஆண்டுப் பழமையுள்ள, சிர்கான் என்ற கனிமத்தின் துகள்கள் அதற்குச் சாட்சி. 21ஆவது நிமிடத்தில், அதே மேற்கு ஆஸ்திரேலியாவின் பில்பாரா பகுதியில், நுண்ணுயிர்ப் படலங்கள் அடுக்கடுக்காகக் கட்டிய ஸ்ட்ரோமடோலைட் பாறைகள். 42ஆவது நிமிடத்தில் காற்றில் ஆக்ஸிஜன் சேரத் தொடங்குகிறது. உட்கரு உள்ள செல் 56ஆவது நிமிட வாக்கில் தெளிவாகத் தெரிகிறது. கேம்பிரியன் காலத்து விலங்குகளுக்கு 79ஆவது நிமிடம் தாண்ட வேண்டும். டைனோசர்கள் 85 நிமிடம் 26 நொடிக்கு வந்து 88 நிமிடம் 41 நொடிக்குப் போய்விடுகின்றன. பறவைகள் மட்டும் தங்குகின்றன. ஹோமோ சேப்பியன்ஸுக்குக் கிடைப்பது 3 லட்சம் ஆண்டு: கடைசி 9 பிரேம்.

மலேசியாவின் நம் ஊர்களையும் இதில் வைத்துப் பார்த்தால் கணக்கு மனத்தில் பதியும். பத்துமலையின் சுண்ணாம்புக் கல் 40 கோடி ஆண்டுக்கும் மேல் பழையது. ஆழமில்லாத கடலில் படிந்தது அது. தைப்பூசத்தன்று 272 படி ஏறுகிறவர்கள் ஏறுவது பழங்கடலின் அடித்தரை ஒன்றின் மேல்தான். நம் படத்தில் அது கடைசி 8 நிமிடத்துக்குச் சற்று முன்னால் வரும். பினாங்குத் தீவின் கிரானைட் சுமார் 20 கோடி ஆண்டுக்கு முன் பூமிக்கடியில் குழம்பாக இருந்து இறுகியது. அது 86ஆவது நிமிடம். பினாங்கில் பிரிட்டிஷ் குடியேற்றத்தை நிறுவிய பிரான்சிஸ் லைட் 1786ல் வந்து இறங்கியதிலிருந்து இன்றுவரை உள்ள காலம் ஒரே ஒரு பிரேமில் நூற்றில் ஒரு பங்குகூட ஆகாது.

ஆக, 90 நிமிடத்தில் ஏறக்குறைய 79 நிமிடம் விலங்கு என்று சொல்ல எதுவும் திரையில் இருக்கக் கூடாது. தொலைக்காட்சிக்கு இது கட்டுப்படியாகாது, ஐந்தாவது நிமிடத்திலேயே ஒரு மீனாவது நீந்த வேண்டும். பரிசோதனைப் படத்துக்கு அந்த நெருக்கடி இல்லை. கணக்கை நூல் பிடித்தாற்போலப் பின்பற்றச் சொல்லவில்லை. எங்கே எவ்வளவு விலகுகிறோம் என்பது எடுக்கிறவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். படத்தில் பாதியையாவது நுண்ணுயிருக்குக் கொடுக்காவிட்டால், அது விலங்குகளின் கதையே தவிர உயிரின் கதை ஆகாது.

வெட்டுதான் வாக்கியம்

குரல் இருக்கும் படத்தில் ஒரு காட்சி தவறான பொருள் கொடுத்தால் குரல் திருத்திவிடும். குரல் இல்லாத படத்தில் ஒரு காட்சியிலிருந்து அடுத்ததற்குப் போகும் வெட்டுதான் பேசுகிறது. மீன், பல்லி, குரங்கு, குழந்தை என்று வரிசையாக ஒட்டினால் பார்க்கிறவர் 'இது அதுவாயிற்று, அது இதுவாயிற்று' என்றுதான் படிப்பார். காட்சி ஒவ்வொன்றும் உண்மையாகவே படம் பிடித்ததாக இருக்கலாம். ஆனால் ஒட்டிய விதம் பொய்.

தெலுக் டுயோங் கடற்கரையில் திரியும் நீண்டவால் குரங்கு யாருக்கும் மூதாதை இல்லை. அதற்கும் நமக்கும் பொதுவான மூதாதை இரண்டரை, மூன்று கோடி ஆண்டுக்கு முன் வாழ்ந்து மறைந்த வேறொரு விலங்கு. அன்றிலிருந்து அந்தக் குரங்கின் கால்வழியும் நம் அளவுக்கே காலம் கடந்து வந்திருக்கிறது. குட்டையில் எடுத்த பாரமீசியம் என்ற ஒற்றைச் செல் உயிரும் அப்படித்தான். 'ஆதி உயிர்' என்று அதைக் காட்டுவது சௌகரியம். ஆனால் அது இன்றைய உயிர். இன்று படம் பிடிக்கக் கிடைக்கும் எல்லாமே நம் சமகாலத்தவை. இந்த ஒன்றை மறந்தால் படம் முழுக்கத் தடம் மாறிவிடும்.

தமிழில் இப்படம் எடுக்கிறவர்களுக்குத் தனியாக ஒரு கண்ணி இருக்கிறது. பின்னணியில் சிவபுராணத்தின் 'புல்லாகிப் பூடாய்' வரியைப் பாட வைக்கத் தோன்றும். கோயிலுக்குப் போகும் எவருக்கும் மனப்பாடமான வரி, கேட்டதும் உடல் சிலிர்க்கும். ஆனால் அது சொல்வது ஓர் உயிர் பல பிறவி எடுத்து இளைத்த கதையை. பரிணாமத்தில் ஓர் உயிர் இன்னொன்றாக மாறிப் பயணம் போவதில்லை. தலைமுறை தலைமுறையாகக் கூட்டம் கிளை பிரிகிறது. தொல்காப்பிய மரபியலின் ஓரறிவு முதல் ஆறறிவு வரையிலான பகுப்பும் நுட்பமான வகைப்பாடுதான், கால வரிசை ஆகாது. இரண்டையும் காட்சியோடு ஒட்டினால் ஏணிதான் தெரியும், மரம் தெரியாது. மனிதக் கருவின் வளர்ச்சியைப் பரிணாமத்தின் சுருக்கமாகக் காட்டுவதும் இதே வகைப் பிழை. 19ஆம் நூற்றாண்டில் எர்ன்ஸ்ட் ஹெக்கல் பரப்பிய அந்தக் கருத்தை உயிரியல் கைவிட்டு வெகுகாலம் ஆயிற்று.

இதற்குப் படத்தொகுப்பிலேயே வழி உண்டு. முன்னோக்கி வெட்டாமல் பின்னோக்கி வெட்டலாம். இன்றைய இரண்டு உயிர்களில் தொடங்கி, இரண்டுக்கும் பொதுவான ஓர் உருவத்தில் போய்ச் சேரலாம். பின்னோக்கிப் போனால் தடங்கள் ஒன்று சேரும், அதில் தவறான பொருளுக்கு இடமே இல்லை.

தொட்டிக்குள் மேகம்

பூமி உருவான காலத்துத் தூசி மேகத்துக்கும் எரிமலைப் புகைக்கும் கணினி வரைகலையைவிடத் தண்ணீர்த் தொட்டி நன்றாகக் கைகொடுக்கும். 1970களின் ஹாலிவுட் ட்ரிக் நிபுணர்களுக்குப் பழகிப்போன முறை இது. அடியில் உப்புத் தண்ணீர், மேலே நல்ல தண்ணீர், இரண்டும் சந்திக்கும் இடத்தில் பாலோ வெள்ளைச் சாயமோ செலுத்தினால் அது கீழே போக முடியாமல் மேகமாக விரிகிறது.

அது ஏன் அப்படி நிற்கிறது என்பது தெரிந்தால் அளவு தானாக வரும். நல்ல தண்ணீரின் அடர்த்தி 1.00, பாலின் அடர்த்தி சுமார் 1.03. ஆகவே பால் நல்ல தண்ணீரில் மூழ்கும். லிட்டருக்கு 60 கிராம் உப்புக் கரைத்த தண்ணீரின் அடர்த்தி 1.04ஐ ஒட்டி வரும். அதில் பால் மூழ்காது. கடல்நீர் அளவுக்கு, அதாவது லிட்டருக்கு 35 கிராம் மட்டும் போட்டால் பால் அடித்தட்டையும் துளைத்துக்கொண்டு போய்விடும். முதல் முறை செய்கிறவர்கள் பெரும்பாலும் தடுக்கி விழும் இடம் இதுதான்.

4 அடி நீளம், 2 அடி அகலம், 2 அடி உயரம் உள்ள தொட்டி சுமார் 450 லிட்டர் கொள்ளும். கீழ்ப்பாதி 225 லிட்டருக்கு 13.5 கிலோ உப்பு வேண்டும். பொடி உப்பில் கட்டி பிடிக்காமலிருக்கச் சேர்க்கும் பொருள் தண்ணீரைக் கலங்கலாக்கும், கல்லுப்பு வாங்கித் துணியில் வடிகட்டுவது நல்லது. வெந்நீரில் கரைத்தால் சீக்கிரம் கரையும். ஆனால் இரண்டு தட்டும் ஒரே வெப்பநிலைக்கு வரும்வரை, ஓர் இரவாவது, காத்திருக்க வேண்டும். கீழ்த்தட்டு சூடாக இருந்தால் உள்ளோட்டம் எழுந்து இரு தட்டும் சந்திக்கும் இடத்தைக் கலக்கிவிடும். குழாய்த் தண்ணீரை 24 மணி நேரம் திறந்து வைத்தால் கரைந்திருக்கும் காற்று வெளியேறும். வைக்காவிட்டால் கண்ணாடியில் ஒட்டும் குமிழிகள் விளக்கொளியில் நட்சத்திரம்போல மின்னிக் காட்சியைக் கெடுக்கும்.

உப்புத் தண்ணீரின் மேல் மெல்லிய பிளாஸ்டிக் தாளை விரித்து, அதன் மேல் ஒரு குழாய் வழியாக நல்ல தண்ணீரை மெதுவாக விட வேண்டும். நிரம்பிய பிறகு தாளை ஒரு மூலையிலிருந்து படுக்கைவாட்டில், அவசரப்படாமல் இழுக்க வேண்டும். இழுத்த பின் அரை மணி நேரம் தொடக் கூடாது. 50 மில்லி சிரிஞ்சில் பாலை எடுத்து, 3 மில்லிமீட்டர் உள்விட்டமுள்ள குழாயின் முனையை இரு தட்டும் சந்திக்கும் கோட்டுக்கு ஒரு விரற்கடை மேலே வைத்து அழுத்தினால் மேகம் பிறக்கும். சிரிஞ்சில் காற்றுக் குமிழ் இருந்தால் காட்சி வீண். பினாங்கு வெப்பத்தில் பால் சில மணி நேரத்தில் திரிந்து கட்டி கட்டியாகும். ஒரே தண்ணீரில் நாள் முழுக்க எடுக்கலாம் என்று கணக்குப் போட வேண்டாம்.

வேகம் அடுத்த கேள்வி. சிறியதைப் பெரியதாகக் காட்டப் படத்தை மெதுவாக்க வேண்டும், எவ்வளவு என்பதற்கு விதி உண்டு. 25 மடங்கு பெரிதாகத் தெரிய வேண்டுமானால் 25இன் வர்க்கமூலம் 5. ஆகவே 24 பிரேமை 5ஆல் பெருக்கி நொடிக்கு 120 பிரேமில் எடுக்க வேண்டும். 100 மடங்குக்கு 240 பிரேம். புவியீர்ப்பால் நடக்கும் எல்லா ஓட்டத்துக்கும் இந்த விகிதம் பொருந்தும். 240 பிரேமுக்கு வழக்கத்தைவிடப் பத்து மடங்கு வெளிச்சம் தேவை. இங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் மலிவான எல்.இ.டி. விளக்குகள் நொடிக்கு 100 முறை துடிக்கும். கண்ணுக்குத் தெரியாத அந்தத் துடிப்பு வேகப்பதிவில் பட்டை பட்டையாக விழும். பேட்டரியில் எரியும் விளக்கு இந்தத் தொல்லை தராது. வெளிச்சம் பக்கவாட்டிலிருந்து ஒரு பிளவு வழியாக வர வேண்டும். பின்னால் கறுப்புத் துணி, முன்னால் லென்ஸுக்கு மட்டும் ஓட்டை போட்ட கறுப்பு அட்டை. அட்டை இல்லாவிட்டால் பூமி பிறக்கும் காட்சியில் எடுக்கிறவரின் சட்டை தெரியும்.

450 லிட்டர் என்றால் கண்ணாடியையும் சேர்த்து அரை டன்னுக்கு மேல். ஜார்ஜ்டவுன் கடைவீடுகளின் மரத்தள மாடியில் இதை வைக்கவே கூடாது, தரைத்தளம்தான். பழகிப் பார்க்க 65 லிட்டர் அளவிலான 2 அடி மீன்தொட்டி போதும். மேகம் சுவரில் முட்டுவதற்குள் பத்துப் பதினைந்து நொடி கிடைக்கும், 120 பிரேமில் அது ஒரு நிமிடக் காட்சி.

தெலுக் பஹாங்கில் உள்ள பினாங்கு தேசியப் பூங்காவுக்குள் நடந்தால் பந்தாய் கெராச்சுட்டில் இதே அமைப்பு இயற்கையாகவே இருக்கிறது. அங்கே ஓர் ஏரி, பருவத்தைப் பொறுத்து, கீழே கடல்நீரும் மேலே நன்னீருமாகக் கலக்காமல் நிற்கும். தொட்டிக் காட்சிக்கும் அந்த ஏரியின் மேற்பரப்புக்கும் இடையே ஒரு வெட்டு வைத்தால் அது உண்மையான உறவைச் சொல்லும் வெட்டாக இருக்கும்.

உயிர் இல்லாதது வளரும்போது

உயிர் எங்கே தொடங்கியது என்பதில் அறிவியலாளர்களிடையே இன்னும் ஒருமித்த முடிவு இல்லை. கடலடி வெப்ப ஊற்றா, நிலத்துக் குட்டையா என்ற விவாதம் உயிரோடு இருக்கிறது. ஸ்டான்லி மில்லர் 1952ல் மீத்தேன், அம்மோனியா, ஹைட்ரஜன், நீராவி கலந்த குடுவையில் மின்பொறி பாய்ச்சி அமினோ அமிலங்களை உண்டாக்கினார். 1953ல் வெளியான அந்தச் சோதனைக்குப் பிறகு எல்லாப் படங்களிலும் கடல்மேல் மின்னல் வெட்டுகிறது. ஆதிக் காற்றில் அந்த வாயுக்கள் அந்த அளவில் இருந்தன என்று இன்று பலர் ஏற்பதில்லை. மறுபக்கம், வெந்நீர்க் காரம் கசியும் கடலடிப் புகைபோக்கிகள் உயிரின் தொட்டிலாக இருந்திருக்கலாம் என்று மைக்கேல் ரஸல் 1980களின் இறுதியிலிருந்து எழுதிவந்தார். அப்படியொரு இடம் 2000ஆம் ஆண்டு டிசம்பரில் அட்லாண்டிக் நடுவில் கண்டுபிடிக்கப்பட்டு லாஸ்ட் சிட்டி என்று பெயர் பெற்றது. 40 முதல் 90 டிகிரி வெப்பம், 60 மீட்டர் உயர வெள்ளைக் கோபுரங்கள். ஒன்றை மட்டும் காட்டுகிற படம் தீர்ப்புச் சொல்லிவிடுகிறது. இரண்டையும் காட்டுவதே நியாயம்.

அந்தக் கோபுரங்களை மேசைமேல் வளர்க்கலாம். இரசாயனக் கடையில் கிடைக்கும் சோடியம் சிலிகேட் கரைசல் ஒரு பங்குக்கு மூன்று பங்கு தண்ணீர். தட்டைச் சுவருள்ள கண்ணாடிப் பாத்திரத்தில் அரை லிட்டர் போதும். அடியில் 3 முதல் 5 மில்லிமீட்டர் அளவுள்ள உப்புப் படிகங்களைப் போட வேண்டும். மயில்துத்தம் (செம்பு சல்ஃபேட்) நீல நிறத்தில் மெதுவாக வளரும், அன்னபேதி (இரும்பு சல்ஃபேட்) பசுமை கலந்த துருநிறம், கால்சியம் குளோரைடு வெள்ளையாக விறுவிறுவென எழும். படிகம் கரையத் தொடங்கியதும் அதைச் சுற்றி ஒரு மெல்லிய தோல் உண்டாகிறது. தோலுக்குள் தண்ணீர் புகுந்து அழுத்தம் ஏறி, தோல் கிழிந்து, உள்ளிருக்கும் எடை குறைந்த கரைசல் மேல்நோக்கிப் பீறிட்டு, வெளியே வந்ததும் மீண்டும் தோல் கட்டுகிறது. குழாய் குழாயாக எழுவதன் இரகசியம் அதுதான். 2 நொடிக்கு ஒரு பிரேம் என்று டைம்லாப்ஸ் வைக்கலாம். கரைசல் கெட்டியாக இருந்தால் வளர்ச்சி நின்றுவிடும். மேசை அதிர்ந்தால் குழாய் ஒடியும், ஆகவே சாலையோர அறை வேண்டாம்.

கையுறையும் கண்ணாடியும் கட்டாயம், இது கடுமையான காரம். முடிந்ததும் உடனே கழுவாவிட்டால் பாத்திரத்தின் கண்ணாடியே மங்கிவிடும். மயில்துத்தம் கலந்த கழிவை லோங்காங்கில் (சாக்கடையில்) ஊற்றக் கூடாது. பினாங்கின் லோங்காங் நீர் கடைசியில் கடலுக்குத்தான் போகிறது. செம்பு மீன்குஞ்சுக்கும் நத்தைக்கும் நஞ்சு. சீசாவில் அடைத்து, இரசாயனக் கழிவை ஏற்கும் இடத்தில் கொடுக்க வேண்டும்.

இதிலும் ஒரு கண்ணி உண்டு. இந்தக் குழாய்கள் செடிபோல, பவளம்போல இருக்கும். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஸ்தெஃபான் லெதுக் என்ற பிரெஞ்சு ஆய்வாளர் இவற்றைப் பார்த்து, உயிரின் வடிவங்களுக்கே விளக்கம் கிடைத்துவிட்டது என்று நம்பினார். படத்தில் இந்தக் காட்சிக்குப் பிறகு எந்தத் தாவரத்துக்கும் வெட்டாதீர்கள்.

முதல் செல்லைக் காட்ட எண்ணெய்த் துளியைப் பயன்படுத்துவது வழக்கமாகிவிட்டது. பார்க்க அழகு. ஆனால் எண்ணெய்த் துளி உள்ளே முழுக்க எண்ணெய், செல் என்பது தோலால் மூடிய தண்ணீர்ப் பை. சோயா லெசித்தின் துணுக்கு ஒன்றைக் கண்ணாடித் தகட்டில் வைத்து ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டு நுண்ணோக்கியில் 100 மடங்கில் பார்த்தால், விளிம்பிலிருந்து புழுபோன்ற குழாய்கள் நெளிந்து கிளம்பும். இரட்டை அடுக்குத் தோல் தானாகவே அமையும் காட்சி அது. உண்மைக்கு மிக நெருக்கமானதும்கூட.

ஒரு பாட்டில் சேற்றில் 79 நிமிடம்

நுண்ணுயிரின் நெடுங்காலத்தைத் திரையில் எப்படித் தாங்கவைப்பது? இதற்கு வினோகிராட்ஸ்கி தூணைவிடச் சிறந்த வழி இல்லை. செர்கேய் வினோகிராட்ஸ்கி 1880களில் உருவாக்கிய இந்தச் சோதனைக்கு வேண்டியது ஒரு பாத்திரமும் சேறும் பொறுமையும்.

உருண்டைப் பாட்டில் வடிவத்தைக் கோணலாக்கும், சதுரமான அக்ரிலிக் பெட்டி நல்லது, ஒன்றரை லிட்டர் போதும். அலையாத்திக் கரையின் கறுத்த சேற்றில் கல், இலை, நண்டு எல்லாவற்றையும் நீக்கிவிட்டு, அதில் ஒரு மேசைக்கரண்டி கிழித்த செய்தித்தாளும் ஒரு மேசைக்கரண்டி சாக்குக்கட்டித் தூளும் கலந்து, காற்று இடைவெளி இல்லாமல் பெட்டியில் முக்கால் பங்கு அடைக்க வேண்டும். மேலே அதே இடத்துக் கடல்நீர், அதற்கு மேல் 5 சென்டிமீட்டர் காலியிடம். நன்னீர்ச் சேற்றுக்கு முட்டை மஞ்சள்கரு சேர்க்கச் சொல்வார்கள். கந்தகம் வேண்டும் என்பதற்காக அது. கடல்நீரில் லிட்டருக்குச் சுமார் 2.7 கிராம் சல்ஃபேட் ஏற்கெனவே இருப்பதால் இங்கே முட்டை தேவையில்லை. சேர்த்தால் முதல் வாரத்திலேயே வாயு பெருகிச் சேற்றை மேலே தள்ளிவிடும். மூடியை இறுக்காமல் சாத்தி வையுங்கள். தண்ணீர் வற்றினால் குழாய்த் தண்ணீரை ஒரு நாள் வைத்து ஊற்ற வேண்டும். மறுபடி கடல்நீர் ஊற்றினால் உப்பு ஏறிக்கொண்டே போகும்.

6 முதல் 8 வாரத்தில் அடுக்குகள் பிரியும். மேலே ஆக்ஸிஜன் வெளியிடும் நீலப்பச்சை சயனோபாக்டீரியா, அதற்குக் கீழே ஊதா நிறக் கந்தக பாக்டீரியா, அதன் கீழே பச்சைக் கந்தக பாக்டீரியா, அடியில் இரும்பு சல்ஃபைடின் கறுப்பு. கீழே போகப் போக ஆக்ஸிஜன் இல்லாத உலகம். ஆக்ஸிஜனுக்கு முந்திய பூமியில் நடந்த வாழ்க்கை முறைகள் இன்றும் நம் கரைச் சேற்றில் நடந்துகொண்டிருப்பதை இது கண்முன் நிறுத்துகிறது.

ஒரு மணிக்கு ஒரு பிரேம் வைத்தால் 56 நாளில் 1,344 பிரேம், திரையில் 56 நொடி. 20 நிமிடத்துக்கு ஒன்று என்றால் 4,032 பிரேம், 2 நிமிடம் 48 நொடி. கேமராவின் ஒளியளவு, வெண்சமநிலை, குவியம் எல்லாம் கையால் பூட்டியிருக்க வேண்டும். ஜன்னல் வெளிச்சத்தை நம்பினால் பகலும் இரவும் மாறி மாறித் துடிக்கும். நேர் வெயில் பட்டால் சேறு வெந்துவிடும்.

விளக்கு வைக்கும்போது பலரும் ஒன்றைத் தவற விடுகிறார்கள். எல்.இ.டி. விளக்கில் வைத்தால் ஊதா அடுக்கு மந்தமாகத்தான் வரும், சில சமயம் வரவே வராது. ஊதா பாக்டீரியாக்கள் 800 முதல் 900 நானோமீட்டர் வரையிலான அகச்சிவப்பு ஒளியை முக்கியமாகப் பயன்படுத்துகின்றன, எல்.இ.டி.யில் அது அநேகமாக இல்லை. பழைய இழை பல்பு ஒன்றை அரை மீட்டர் தள்ளி வைத்தால் அந்த ஒளி கிடைக்கும். அதை எரியவிட்டு, படம் எடுக்கும் நொடிக்கு மட்டும் எல்.இ.டி. எரியும்படி டைமர் வைப்பது எல்லாவற்றிலும் சிறந்தது.

உட்கரு உள்ள செல் பிறந்த கதைக்கு நுண்ணோக்கி வேண்டும். காய்ந்த லாலாங் புல் ஒரு கைப்பிடியை நறுக்கிக் குட்டைத் தண்ணீர் ஒரு லிட்டரில் போட்டு 5 முதல் 7 நாள் வைத்தால் பாரமீசியம் பெருகும். நாற்றம் தாங்கவில்லை என்றால் புல் அதிகமாகி ஆக்ஸிஜன் தீர்ந்துபோயிற்று என்று பொருள். தேட வேண்டியது பாரமீசியம் பர்சாரியா என்ற பச்சை வகை. அதன் உடலுக்குள் நூற்றுக்கணக்கான பச்சைப் பாசிச் செல்கள் உயிரோடு குடியிருக்கின்றன. ஒரு செல்லுக்குள் இன்னொரு செல் குடியேறித்தான் மைட்டோகாண்ட்ரியாவும் பசுங்கணிகமும் வந்தன என்று லின் மார்குலிஸ் 1967ல் வாதிட்டார், அது இன்று நிலைபெற்ற அறிவியல். அந்த நிகழ்ச்சியை யாராலும் படம் பிடிக்க முடியாது. அதே வகை ஏற்பாட்டை இந்தப் பச்சைப் பாரமீசியத்தில் பிடிக்க முடியும்.

பச்சையே இல்லாத பினாங்கு

நிலத்தில் தாவரம் பரவத் தொடங்கி சுமார் 47 கோடி ஆண்டுதான் ஆகிறது. நம் படத்தில் 80ஆவது நிமிடம்வரை கரையில் ஒரு புல்கூட இருக்கக் கூடாது. பினாங்கில் பச்சை இல்லாத சட்டகம் கிடைப்பது லேசான காரியமில்லை. பத்து ஃபெரிங்கியிலிருந்து தெலுக் பஹாங் வரை உள்ள கிரானைட் உருளைகளில் அலை அடித்துக் கழுவும் கீழ்ப்பகுதியை மட்டும் நெருக்கமாக எடுக்கலாம். மேலே ஏறினால் கற்பாசி, சற்றுக் கீழே சிப்பி. மணலை எடுத்தால் அதில் கிளிஞ்சல். சட்டகத்தில் மாட்டிக்கொண்ட ஒரு சிப்பி 300 கோடி ஆண்டைப் பொய்யாக்கிவிடும்.

ஒலிக்கும் இதே விதி. உயிருள்ள பிராணி ஒன்று காது கேட்கக் குரல் எழுப்புவது படத்தின் கடைசிச் சில நிமிடங்களில்தான். அதுவரை காற்று, மழை, இடி, அலை, எரிமலை மட்டுமே. பூங்காவில் பதிவுசெய்த எந்த ஒலியிலும் சில்வண்டு இருக்கும், ஆகவே ஆதிக் கடலின் அலையோசையைக் கூட்டமில்லாத பாறைக் கரையில் நெருக்கமாகப் பதிவுசெய்யுங்கள். நீருக்கடி மைக்கை இறக்கினால் சொடுக்கு இறால்களின் படபடப்பு கேட்கும். அது அழகான ஒலி, கடைசி நிமிடங்களுக்கு வைத்துக்கொள்ளலாம்.

சேற்றில் துள்ளும் மீன்

பாலேக் பூலாவ் பக்கத்து அலையாத்திக் கரைகளில், சேற்றில் துள்ளித் திரியும் பெலாச்சாக் மீனைப் பார்த்த எவருக்கும் 'மீன் கரையேறிய கதை இதோ' என்று தோன்றும். அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி நீர் நன்றாக வற்றும் நாட்களில் கரை அகலமாகத் திறக்கும். சேறு தொடைவரை இழுக்கும், பலகை போட்டு அதன்மேல் படுத்து 300 மில்லிமீட்டர் லென்ஸை மீனின் கண் உயரத்துக்கு இறக்க வேண்டும். சேறு அதிர்வைக் கடத்துவதால் ஆள் நகர்ந்த உடனே மீன்கள் வளைக்குள் போய்விடும், 20 நிமிடம் அசையாமல் கிடந்தால் திரும்பி வரும். காலை 9 மணிக்கு மேல் ஈரச்சேற்றின் பளபளப்பு கண்ணைக் கூசும், போலரைசர் ஓரளவுக்குத்தான் காப்பாற்றும். 25 சென்டிமீட்டருக்கு மேல் வளரும் பெரிய வகை, வளைக்குள் வாய் நிறையக் காற்றைக் கொண்டுபோய்ச் சேமிக்கிறது. 1998ல் நேச்சர் இதழில் வந்த செய்தி இது. வளை வாசலில் கேமராவை வைத்தால் மீன் வாயைப் புடைத்துக்கொண்டு இறங்குவதைப் பிடிக்கலாம்.

ஆனால் இந்த மீன் நம் மூதாதை வழியில் வரவே இல்லை. சந்தையில் வாங்கும் கெம்போங் மீனுக்குத்தான் இது நெருங்கிய உறவு. நம் வழி, கனடாவின் ஆர்க்டிக் பகுதியில் 2004ல் கிடைத்த டிக்டாலிக் போன்ற சதைத்துடுப்பு மீன்களின் வழி, 37.5 கோடி ஆண்டுப் பழமை. அதற்காகப் பெலாச்சாக்கை ஒதுக்க வேண்டியதில்லை, வெட்டை மாற்றினால் போதும். பெலாச்சாக்கிலிருந்து பல்லிக்குப் போகாமல், அதே சேற்றில் ஒற்றைக் கொடுக்கு பெருத்த நண்டுக்கும், அலையாத்தி மரத்தில் ஏறி நிற்கும் நத்தைக்கும் போங்கள். அப்போது வெட்டு சொல்வது 'கடலிலிருந்து கரையேறியது ஒருமுறை அல்ல, பலர், பலமுறை' என்பது. அது உண்மை, இன்னும் பெரிய உண்மையும்கூட.

பெலாங்காஸ் என்ற குதிரைலாட நண்டுக்கும் இதே கவனம் வேண்டும். அதன் இனத்தின் புதைபடிவங்கள் 44 கோடி ஆண்டுக்கு மேல் பின்னே போகின்றன. பெயரில் நண்டு இருந்தாலும் உறவு சிலந்திக்கும் தேளுக்கும்தான். ஆகவே பத்துமலையின் குகைச் சிலந்திக்கு வெட்டலாம். வயிற்றில் வளையத் தகடுகள் உள்ள லிஃபிஸ்டியஸ் பட்டுவென்சிஸ், சிலந்திகளிலேயே மிகப் பழைய உடலமைப்பைக் காத்துவரும் குடும்பத்தைச் சேர்ந்தது. பெலாங்காஸை வாலைப் பிடித்துத் தூக்கக் கூடாது, வால் ஒடிந்தால் கவிழ்ந்த உடலை அதனால் திருப்பிக்கொள்ள முடியாது.

அனுமதி விஷயம் சுருக்கமானது. தேசியப் பூங்காவுக்குள் படம் எடுக்க வனவிலங்கு, தேசியப் பூங்காத் துறையான பெர்ஹிலிதானிடமும், படத்தயாரிப்புக்குத் தேசியத் திரைப்பட அமைப்பான ஃபினாஸிடமும், ட்ரோனுக்கு விமானப் போக்குவரத்து ஆணையமான சி.ஏ.ஏ.எம்., நில அளவைத் துறையான ஜூப்பெம் இரண்டிடமும் முன்கூட்டியே கேட்க வேண்டும். பாயான் லெப்பாஸ் விமான நிலையம் அருகில் இருப்பதால் தீவின் தென்பகுதியில் ட்ரோன் கனவை விட்டுவிடுவதே மேல்.

கடைசி 9 பிரேம்

எல்லாப் படமும் மனித முகத்தில் போய் நிற்கிறது. அப்படி நின்றால் இதுவரை கவனமாகக் கட்டிய மரம் மறுபடி ஏணியாகிவிடும். பினாங்கில் வேறு பொருள் இருக்கிறது. செபராங் பிறையின் குவார் கெப்பாவில் கற்கால மக்கள் தின்று குவித்த சிப்பி மேடுகள் இருந்தன, 2017ல் அங்கே 5,000 ஆண்டுக்கு மேல் பழைய பெண்ணொருத்தியின் எலும்புக்கூடு கிடைத்தது. அந்தக் குவியலில் கிடப்பது போன்ற ஒரு சிப்பியைக் கையில் ஏந்திய காட்சி, 9 பிரேம் போதும். யாருடைய கை என்று தெரிய வேண்டாம்.

9 பிரேம் முடிந்ததும் திரையைக் கறுப்பாக்க வேண்டாம். பெயர்ப் பட்டியல் ஓடும்போது பின்னால் அந்தச் சேற்றுப் பெட்டியின் டைம்லாப்ஸை வெட்டில்லாமல் ஓட விடுங்கள், 56 நாளும்.